மண்டேயின் அறை

ஞாயிற்றுக்கிழமை மத்தியானம் மூன்று மணி ஆனால் போதும், அவருக்கு வயிற்றைக் கலக்க ஆரம்பித்துவிடும். பதினெட்டு வருஷமாக இதே கூத்துதான். ஒருமுறை டாக்டரிடம்கூடப் போனார். டாக்டர் வயிற்றை அமுக்கிப் பார்த்துவிட்டு எந்தெந்தக் கிழமையில் வலிக்கிறது என்று கேட்டார். பதிலைக் கேட்டதும், தனக்கும் அப்படித்தான் என்று சொல்லி அனுப்பிவிட்டார்.

அவர் வேலை பார்ப்பது வாஷிங் மெஷின் கம்பெனி ஒன்றின் புகார்ப் பிரிவில். ஊரில் இருப்பவர்கள் எல்லாரும் சொல்லிவைத்தாற்போல் ஞாயிற்றுக்கிழமைதான் துணி துவைக்கிறார்கள். மெஷின்களும் அதைத் தெரிந்துவைத்துக்கொண்டு அன்றைக்குத்தான் மண்டையைப் போடுகின்றன. திங்கட்கிழமை காலை ஒன்பதரைக்கு போனை எடுத்தால், ஒரு நாள் முழுக்க ஈரத்துணியோடு மல்லுக்கட்டியவர்களின் கோபம் மொத்தமும் காதில் கொட்டும்.

இதற்கு அந்தப் பிரிவு ஒரு மருந்து வைத்திருந்தது. திங்கட்கிழமை காலை எட்டே முக்காலுக்கு, இரண்டாவது மாடிப் படி முடியும் இடத்தில், தண்ணீர் மெஷின் பக்கத்தில் நாலு பேர் கூடுவார்கள். போனில் திட்டு வாங்குவதில் எல்லாருக்கும் சீனியரான அக்கா, உதிரி பாகம் எடுத்துக் கொடுக்கும் பார்ட்ஸ், எந்த மெக்கானிக் எந்தத் தெருவுக்கு என்று முடிவு செய்யும் ரூட்டு என்ற பெண், அப்புறம் இவர். இவருக்கு ரேடியோ என்று பெயர். காரணம், மேனேஜர் மாதிரி அச்சு அசலாகப் பேசிக் காட்டுவார். மேனேஜருக்கு அவர்கள் வைத்திருந்த பெயர் மண்டே. மூன்று தடவை தொண்டையைச் செருமி, காலரை இழுத்துவிட்டு, "ரெண்டு நாள் ரெஸ்ட் எடுத்தாச்சு. இனி அஞ்சு நாளைக்கு ரெஸ்ட்டுங்கற வார்த்தையே என் காதுல விழக்கூடாது" என்று ரேடியோ ஆரம்பித்தால் மற்ற மூவரும் வயிற்றைப் பிடித்துக்கொள்வார்கள். அந்தக் கால் மணி நேரச் சிரிப்பில்தான் அந்த வாரம் ஓடும்.

போன வெள்ளிக்கிழமையோடு மண்டே ஓய்வு பெற்றுவிட்டார். அந்த நாற்காலியை இவருக்குக் கொடுத்துவிட்டார்கள்.

"தனி ரூம் குடுத்திருக்காங்க, கதவுல பேர் போட்டிருக்காங்க. இன்னும் எதுக்கு வயித்தப் பிடிச்சிட்டு உக்காந்திருக்கீங்க?" என்று சட்டைக்கு இஸ்திரி போட்டபடியே மனைவி கேட்டாள்.

"உனக்கு என்ன தெரியும்? நாளையிலருந்து மண்டேயே நான்தான்."

அவள் இஸ்திரிப் பெட்டியை நிமிர்த்தி வைத்துவிட்டுச் சிரித்தாள். "அப்போ இத்தன வருஷமா யாருக்குப் பயந்தீங்களோ அவரையே வீட்டுக்குக் கூட்டிட்டு வந்துட்டீங்கன்னு சொல்லுங்க. ராத்திரிக்கு அவருக்கும் சேத்து சமைக்கணுமா?"

அவருக்குச் சிரிப்பு வரவில்லை. வேலையைப் பற்றிய பயமே இல்லை. வேலை பதினெட்டு வருஷமாகத் தெரிந்த வேலைதான். இனிமேல் அந்த மூன்று பேரும் தன்னைப் பக்கத்தில் வைத்துக்கொண்டு சிரிப்பார்களா? அது ஒன்றுதான் அவரைப் பிடுங்கித் தின்றது.

மறுநாள் எட்டே முக்காலுக்கு அவர் படியேறியபோது மேலே பேச்சுச் சத்தம் கேட்டது. அவர் தலை தெரிந்ததும் நின்றுவிட்டது.

"குட் மார்னிங் சார்" என்றாள் அக்கா. போன வெள்ளிக்கிழமை வரை 'வா, போ' என்று பேசிய வாய்.

"என்னக்கா, சார் கீர்னுட்டு..."

"ஆபீஸ்னா ஆபீஸ்தானே சார்."

பார்ட்ஸ் கைபேசியில் எதையோ மும்முரமாகத் தேடினார். ரூட்டு தன் செருப்பைப் பார்த்துக்கொண்டிருந்தாள். வேறு வழி தெரியாமல் அவர் தாகமே இல்லாமல் ஒரு டம்ளர் தண்ணீர் பிடித்துக் குடித்தார். பிறகு அறைக்குள் போய்க் கதவைச் சாத்திக்கொண்டு நாற்காலியில் உட்கார்ந்தார்.

"போயிட்டாரா?" என்றது பார்ட்ஸின் குரல்.

காதோரம் வந்து கேட்டதுபோல இருந்தது. 'இல்லை' என்று சொல்ல வாய்வரை வந்துவிட்டது. அவர் எழுந்து பக்கவாட்டுச் சுவரைத் தட்டிப் பார்த்தார். டொக் டொக் என்றது. சுவர்போல வெள்ளை அடித்த வெறும் பலகை. அதற்கு அந்தப் பக்கம்தான் தண்ணீர் மெஷின். அது எந்நேரமும் உறுமிக்கொண்டிருப்பதால் அங்கே நிற்பவர்கள் குரலை உயர்த்தித்தான் பேசவேண்டும். உள்ளே இருப்பவருக்கு ஒரு எழுத்துப் பிசகாமல் கேட்கிறது. இந்த அறைக்கு அவர் நூறு தடவை வந்திருக்கிறார். ஆனால் திங்கட்கிழமை ஒன்பது மணிக்கு முன்னால் வந்ததே இல்லை. அவர் உள்ளே வந்துவிட்டால் வெளியே நடிப்பது யார்?

அவர் மெதுவாக நாற்காலியில் திரும்ப உட்கார்ந்தார். மண்டே இந்த அறையில் பதினோரு வருஷம், தினமும் எட்டரைக்கே வந்து உட்கார்ந்திருந்தார். அந்தச் செருமல், அந்தக் காலர், எல்லாமே அவர் காதில் விழுந்திருக்கிறது. அவருடைய தலைமுடி சொந்த முடிதானா என்று மூன்று வாரம் தொடர்ந்து நடந்த ஆராய்ச்சியும் விழுந்திருக்கிறது. அப்படிப்பட்ட மனிதர்தான் போகும்போது, இந்த நாற்காலிக்கு இவரைப் போடுங்கள் என்று மேலிடத்துக்கு எழுதிக் கொடுத்துவிட்டுப் போயிருக்கிறார்.

வெளியே ரூட்டு சொன்னாள்: "வயித்தக் கலக்குதுக்கா. இனிமே யாரு பண்ணுவா?"

"நான் பண்றேன்" என்று பார்ட்ஸ் மண்டேயைப் போலச் செருமினார். இருமல் மருந்து கேட்பவர்போல இருந்தது. யாரும் சிரிக்கவில்லை. உள்ளே இருந்தவருக்குக் கை பரபரத்தது. செருமல் இப்படியா, அடிவயிற்றிலிருந்து வரவேண்டாமா?

"போனவர விடுங்க" என்றாள் அக்கா. "வந்தவரப் பண்ணுவோம்."

"வேணாங்க்கா, உள்ள இருக்காரு."

"எங்க கேக்கப் போகுது? பழையவருக்கு ஒரு நாளாவது கேட்டுதா?" அக்கா குரலைக் குழைத்தாள். "நீங்க சொல்றது நியாயம்தான் மேடம். துணி கிழிஞ்சது நியாயமே இல்ல. ஆனா மெக்கானிக் வராததும் ஒரு வகையில நியாயம்தான். எதுக்கும் ஒரு நிமிஷம் இருங்க, போன மெஷின்கிட்ட கொடுங்க... ஹலோ, மெஷினா? நீங்க சொல்றதும் நியாயம்தான் சார்."

வெடித்த சிரிப்பில் பலகையே அதிர்ந்தது. ரூட்டுக்கு மூச்சு வாங்கியது. அவருக்குக் காது இரண்டும் சூடாகிவிட்டன. அப்படியா பேசுகிறேன்? யோசித்துப் பார்த்தார். அப்படித்தான் பேசுகிறார். யாரையும் எதிர்த்து ஒரு வார்த்தை சொல்ல வராத வாய் அது. பதினெட்டு வருஷம் பக்கத்திலேயே உட்கார்ந்து இதை வேடிக்கை பார்த்திருக்கிறாளே இந்த அக்கா! வலித்தது, மறைப்பதற்கில்லை, நன்றாகவே வலித்தது. அதே சமயம், அந்த மெஷினிடம் கொடுக்கச் சொன்ன இடம் தனக்குக்கூடத் தோன்றியிருக்காது என்றும் நினைத்துக்கொண்டார்.

ஒன்பது மணிக்கு மூவரும் முகத்தைத் துடைத்துக்கொண்டு மீட்டிங்குக்கு வந்தார்கள்.

"ரெண்டு தெருவுக்கு ஒரே மெக்கானிக்னா கட்டுப்படி ஆகாது சார்" என்றாள் ரூட்டு.

"நீங்க சொல்றது..." என்று ஆரம்பித்தவர் சட்டென்று வாயை மூடிக்கொண்டார். அடுத்த வார்த்தை நாக்கு நுனியில் நின்றது. விழுங்கினார். "சரி. இன்னொருத்தரப் போடுங்க." மூவரும் ஒருவரை ஒருவர் பார்த்துக்கொண்டார்கள். மீட்டிங் ஏழே நிமிஷத்தில் முடிந்தது. பதினோரு வருஷத்தில் அவ்வளவு சீக்கிரம் எந்த மீட்டிங்கும் முடிந்ததில்லை.

அவர்கள் போனதும் கட்டட சூப்பர்வைசர் ஒரு படிவத்தோடு வந்து நின்றார். "புதுசா வர்றவங்க ரூமுக்கு என்ன வேணும்னு கேட்டு எழுதணும் சார். அந்தப் பக்கத்து பலகைய எடுத்துட்டு செங்கல் சுவரா வச்சுத் தந்துடவா? சத்தம் ஒரு பொட்டு உள்ள வராது. ரெண்டு நாள் வேலைதான்."

'வையுங்கள், இன்றைக்கே ஆரம்பியுங்கள்' என்று சொல்லத்தான் அவர் வாயைத் திறந்தார். திங்கட்கிழமை தோறும் தன்னைப் பற்றிய கேலியைக் கேட்டுவிட்டு, கேட்காததுபோல முகத்தை வைத்துக்கொள்ள யாரால் முடியும்?

"பழைய சார்கிட்ட இத்தன வருஷத்துல நாலு தடவை கேட்டாச்சு" என்றார் சூப்பர்வைசர். "வேணவே வேணாம்னுட்டார்."

"ஏன்னு சொன்னாரா?"

"சொன்னாரு. எனக்குத்தான் விளங்கல. 'ஞாயித்துக்கிழமை சாயங்காலம் ஆனா வயித்தப் பிசையுதுய்யா. நாளைக்கு காலையில அதக் கேக்கலாம்னு நினைச்சுத்தான் கிளம்பியே வர்றேன்'னாரு. எதக் கேக்கறாருன்னு நானும் கேட்டுக்கல."

அவர் படிவத்தை வாங்கிக்கொண்டார். எழுத்து கொஞ்ச நேரம் கண்ணில் தெளிவாகத் தெரியவில்லை. கண்ணாடியைக் கழற்றித் துடைத்து மாட்டிக்கொண்டு, சுவர் என்று போட்டிருந்த இடத்துக்கு நேராக 'தேவையில்லை' என்று எழுதிக் கையெழுத்துப் போட்டார்.

"சத்தம் வருமே சார்?"

"வரட்டும்" என்றார் அவர். "வெளிய யார்கிட்டயும் சொல்லிடாதீங்க."