பின்சீட்டுக்காரியின் காப்பீடு

சர்க்கரையோடு வருகிறார்கள் என்று தங்கை மலீகா மதியமே ஓடிவந்து சொல்லிவிட்டாள். ஹனிய்யா உடைந்த முட்டியைத் தலையணை மேல் தூக்கி வைத்துக்கொண்டு, "தேத்தண்ணிக்கு உலையை வை" என்றாள்.

மராகேஷில் தப்புச் செய்தவன் வீட்டார் நீலக் காகிதம் சுற்றிய சர்க்கரைக் கூம்புகளைத் தூக்கிக்கொண்டு வந்தால் அது மன்னிப்புக் கேட்பது. அதை உடைத்துத் தேநீரில் போட்டுக் குடித்துவிட்டால் விவகாரம் முடிந்தது. அப்புறம் எவரும் எதையும் கேட்கக் கூடாது.

தப்புச் செய்தவன் மலீகாவின் கணவன் இத்ரீஸ். ஹம்மாம் என்ற பொதுக் குளியல்கூடத்தில் வேலை முடிந்து களைத்து நின்ற ஹனிய்யாவை மோட்டார் சைக்கிளில் ஏற்றிக்கொண்டு, திருப்பத்தில் ஒரு கழுதை வண்டியில் போய் மோதினான். அவனுக்கு வெறும் சிராய்ப்பு. அவளுக்கு முட்டி போயிற்று. குளிக்க வரும் பெண்களுக்கு முதுகு தேய்த்துப் பிழைப்பவள் மண்டி போட முடியாவிட்டால் என்ன செய்வாள்? அறுவை சிகிச்சை செய்தால் முட்டி மடங்கும் என்று டாக்டர் சொல்லியிருந்தார். அந்தச் செலவுக்கு இருந்த ஒரே வழி இத்ரீஸ் வண்டியின் காப்பீடு.

அந்த வழியை அடைக்கத்தான் சர்க்கரை வந்துகொண்டிருந்தது. இத்ரீஸின் பெரியப்பா ஹாஜி மஹ்ஜூபின் பையில் ஒரு பத்திரம் இருந்தது. எந்த நஷ்டஈடும் கேட்கமாட்டேன் என்று ஹனிய்யா அதில் கையெழுத்துப் போட்டால்தான் இத்ரீஸ் சிறைக்குப் போகாமல் தப்புவான் என்று டீக்கடையில் எவனோ ஓதிவிட்டிருந்தான். ஓதியவனுக்கு முட்டி நன்றாகத்தான் இருந்திருக்கும்.

ஹாஜியும் இத்ரீஸும் சர்க்கரைக் கூம்போடு வந்தார்கள். ஹாஜி வாயைத் திறந்தால் ஆதாம் காலத்திலிருந்துதான் ஆரம்பிப்பார்.

"முதல்ல தேத்தண்ணி குடிங்க ஹாஜி. வெறும் வாயில என்ன சமாதானம்?" என்று ஹனிய்யா சுத்தியலை வாங்கி, கூம்பைத் தானே உடைத்தாள்.

காரியம் பாதி முடிந்தது என்ற சந்தோஷத்தில் ஹாஜி உறிஞ்சிக் குடித்தார். புதினா மணக்கிறது என்று இன்னொரு குவளையும் கேட்டு வாங்கிக் குடித்தார். பிறகு பத்திரத்தை வெளியே எடுத்தார்.

"இது என்ன ஹாஜி?"

"சும்மா ஒரு கையெழுத்தும்மா."

"சர்க்கரையை உடைச்சாச்சு, நீங்களும் ரெண்டு தடவை குடிச்சாச்சு. அதுக்கப்புறமும் ஒண்ணு கேட்டா, குடிச்சது பச்சத்தண்ணின்னு ஆயிடாதா?"

ஊர்ச் சண்டைகளையெல்லாம் தேநீரில் கரைத்த மனுஷர், அவசரப்பட்டுக் குடித்துத் தன் வாயைத் தானே கட்டிக்கொண்டார்.

"அக்கா, என்னை உள்ள தள்ளிடாதீங்க" என்றான் இத்ரீஸ். அவளுக்கு அவன் மேல் பாவமாக இருந்தது. ஆனாலும் இறங்கி வரவில்லை.

"உன் மேல இருந்த கோபம் சர்க்கரையோட கரைஞ்சுபோச்சு தம்பி. முட்டி கரையலியே. நொண்டிக்கிட்டு உன் காப்பீட்டு ஆபீசுக்கே போய்க் கேட்டுட்டேன். பின்னாடி உக்காந்தவளுக்கும் சேத்துத்தான் நீ வருஷா வருஷம் கட்டுற. குடுக்கப்போறது அவங்க, நான் கேக்கறதால உன்னை யாரும் உள்ள தள்ள மாட்டாங்க. நான் இதுல கையெழுத்துப் போட்டா அவங்கதான் கையை உதறிக்கிட்டுச் சிரிப்பாங்க."

"நான் தனியாத்தான் போனேன்னு அங்க சொல்லிட்டேனே அக்கா. பொண்டாட்டியோட அக்காவை ஏத்திக்கிட்டுப் போய் விழுந்தேன்னு சொல்லக் கூச்சமா இருந்துச்சு."

மலீகா புருஷனை முறைத்தாள். "உன் கூச்சத்துக்கு எங்கக்கா நொண்டணுமா?"

இத்ரீஸ் எழுந்து, பெரியப்பாவின் கையிலிருந்த பத்திரத்தை வாங்கி நாலாக மடித்துத் தன் சட்டைப் பையில் போட்டுக்கொண்டான்.

"கிளம்பலாம் பெரியப்பா. காலைல எனக்குக் காப்பீட்டு ஆபீஸ்ல வேலை இருக்கு. அக்கா என் பின்னாடிதான் உக்காந்திருந்தாங்கன்னு போய்ச் சொல்லணும்."

ஹனிய்யாவுக்கு அப்போதுதான் கண் கலங்கியது. அதைக் காட்டிக்கொள்ளாமல், "சீக்கிரமே போ. அங்க கூட்டம் நிக்கும்" என்றாள்.