தரைக்கடியில் மூன்று வரி

மூன்றாவது வியாழக்கிழமையும் அந்த ஆள் வந்து நின்றபோது ஹாஜரா பெருக்குவதை நிறுத்திவிட்டு அவரையே பார்த்தாள். சமயநல்லூரைத் தாண்டி வயல்களுக்கு நடுவே இருந்த அந்தச் சின்ன தர்காவை, கணவர் மௌத்தான பிறகு அவள்தான் பார்த்துவந்தாள். சர்க்கரையும் பூவும் கொண்டுவந்து எல்லாச் சாதிக்காரர்களும் கும்பிட்டுப் போவார்கள். இவரோ கும்பிடவில்லை. இடுப்பிலிருந்து டேப்பை உருவி, தூணுக்குத் தூண் குந்தி உட்கார்ந்து அளந்தார். செல்போனில் படம் எடுத்தார்.

அந்தத் தூண்கள்தான் அவளுடைய பயம். நடுவில் எட்டுப்பட்டை, உச்சியில் கவிழ்ந்த தாமரை மொட்டு, அதற்கு மேலே செங்கலும் சுண்ணாம்புமாக எழும்பிய குவிமாடம். இந்தப் பக்கத்துக் கல்தச்சர்கள் யாருக்குக் கட்டினாலும் அதே தாமரையைத்தான் செதுக்குவார்கள் என்று கணவர் சொல்வார். ஆனால் இந்தக் காலத்தில் ஒரு தாமரையைக் காட்டி, இது கோயிலாக இருந்தது என்று எவன் கேஸ் போடுவானோ, யார் கண்டது?

கொழுந்தன் தவ்பீக்கிடம் சொன்னாள். அவன் அன்று மாலையே விசாரித்துக்கொண்டு வந்தான். பேர் வீரணனாம், பக்கத்து ஊர் விவசாயியாம். ஏதோ வில்லங்கத்தைக் கிளப்பத்தான் வருகிறார், அதற்குள் எல்லாவற்றையும் டைல்ஸ் ஒட்டி மூடிவிடலாம் என்றான். அவளும் தலையாட்டினாள்.

திங்கட்கிழமை கொத்தனார் வந்தார். தாமரைத் தூண்கள் பக்கம் அவர் திரும்பவே இல்லை. தெற்கு வாசல் சுவரில், யாரும் படிக்காத பழைய தமிழ் எழுத்து வெட்டியிருந்த கல்லின் மேல் பூசத்தான் சிமெண்டைக் குழைத்தார். இதை முதலில் மூடச் சொன்னது தவ்பீக்தான் என்றார். அதுவரை வெளியாள் மேல் இருந்த சந்தேகம் வீட்டுக்குள் திரும்பியது. வேலையை நிறுத்தச் சொல்லிவிட்டு, ஆட்டோ பிடித்து வீரணனின் வயலுக்கே போனாள்.

"என்னத்த அளக்குறீக அண்ணே? மறைக்காமச் சொல்லுங்க."

"தரையத்தான் பாயம்மா" என்றார் அவர்.

தர்காவின் தரையைப் பலமுறை உயர்த்தியதில் தூண்களின் அடிப்பீடம் புதைந்துவிட்டது, அதோடு கல்வெட்டின் கடைசி வரிகளும் போய்விட்டன, எவ்வளவு ஆழம் என்று பார்க்கத்தான் டேப் என்றார். தர்காவுக்கு நிலம் விட்டது தன் முன்னோர் என்று வீட்டில் சொல்லிச் சொல்லி வளர்த்தார்களாம். அந்தப் பேர் கல்லில் இருக்கிறதா என்று தெரிய வேண்டுமாம்.

"பேரு இருந்தா நெலத்தத் திருப்பிக் கேப்பீகளா?"

வீரணன் குனிந்து வரப்பில் ஒரு களையைப் பிடுங்கி எறிந்த பிறகுதான் பதில் சொன்னார். "குடுத்தத எவனாச்சும் கேப்பானா?"

களை பிடுங்க எடுத்துக்கொண்ட அந்த நேரத்தை அவள் நம்பவில்லை.

மறுநாள் கொத்தனாரிடம் கல்வெட்டின் அடியில் ஒரு முழம் தோண்டச் சொன்னாள். மூன்று வரி வெளிப்பட்டது. வீரணன் பக்கத்தில் நின்றும் அவரை வாசிக்க விடவில்லை. படம் எடுத்து மகள் ஷைமாவுக்கு அனுப்பினாள். ஷைமா படிக்கும் கல்லூரியில் கல்வெட்டு வாசிக்கத் தெரிந்த ஆசிரியை இருந்தார். மதியம் ஷைமா போனில் சொன்னதை எல்லோரும் கேட்டார்கள். கிழக்கே குளம் வரைக்கும் உள்ள நஞ்சை, ஊரார் சேர்ந்து தர்காவுக்கு விட்டது; அதை விற்கவோ ஒத்தி வைக்கவோ கூடாது. தனியாள் பேர் எதுவும் இல்லை.

வீரணன் இன்னொரு தரம் சொல்லச் சொன்னார். கேட்டுவிட்டுக் குழிக்குள்ளேயே பார்த்துக்கொண்டிருந்தார்.

"ஊராருன்னா நாங்களும் அதுக்குள்ள இருந்திருப்போம்ல" என்றார் மெதுவாக.

ஏமாந்துபோன அந்த முகத்தைப் பார்த்த பிறகுதான் ஹாஜராவுக்கு அவர் மேல் நம்பிக்கை வந்தது.

தவ்பீக் சாயந்தரம் வந்தான். அந்த நிலத்தை என்ன செய்தாய் என்று ஹாஜரா நேராகக் கேட்டதும், குளத்துப் பக்கத்தைக் கல்யாண மண்டபம் கட்ட ஒருவருக்கு விற்கப் பேசி முடித்திருந்ததை ஒத்துக்கொண்டான்.

"கல்லுல எழுதுனத இந்தக் காலத்துல யாரு பாக்கப் போறா மைனி?"

"யாரும் பாக்க மாட்டாகன்னா நீ எதுக்கு அத மொதல்ல மூடச் சொன்ன?" என்றாள்.

அவன் தன்னிடமிருந்த தர்கா சாவியை வாசற்படியில் வைத்துவிட்டுப் போய்விட்டான். குழியை மூடிவிடவா என்று கொத்தனார் கேட்டார். மூட வேண்டாம், சுற்றிலும் கம்பி அடித்தால் போதும் என்றாள். கம்பி தன் வீட்டில் கிடக்கிறது, எடுத்து வாரேன் என்று வீரணன் கிளம்பினார்.

ஹாஜரா சாவியை எடுத்து முந்தானையில் முடிந்துகொண்டாள். பிறகு கொத்தனாரிடம், நாளை வரும்போது ஒரு புதுப் பூட்டும் வாங்கி வரச் சொன்னாள். ஒரு சாவியைக் கொடுத்துவிட்டுப் போனவன் இன்னொன்று செய்து வைத்திருக்க மாட்டான் என்பது என்ன நிச்சயம்?