காரைமுள் குத்திய மனு

தீர்த்தகிரிக்கு மலையில் இரண்டு வேலை. பகலில் புளியும் கடுக்காயும் வாங்குகிற கூட்டுறவுச் சங்கத்தில் கணக்கர். பொழுது சாய்ந்தால் கட்சியின் கிளைச் செயலாளர். சங்கத்து ஆள் கட்சி வேலை பார்க்கக் கூடாது. யார் போய்ச் சொல்லப் போகிறார்கள் என்கிற தைரியம்தான்.

யாரோ சொல்லிவிட்டார்கள். எழுபத்தெட்டு மாசியில் திருப்பத்தூருக்குக் கூப்பிட்டு, அதிகாரி ஒரு மொட்டை மனுவை மேசைமேல் போட்டார். "கட்சியா, வேலையா? வெள்ளிக்கிழமைக்குள்ள எழுதிக் குடுங்க."

தீர்த்தகிரியின் கண் எழுத்தில் நிற்கவில்லை. இரண்டு தாளையும் சேர்த்துக் குத்தியிருந்த காரைமுள்ளில் நின்றது. மலை ஈரத்துக்குக் குண்டூசி துருப்பிடிக்கிறதென்று காரைமுள்ளால் தாள் குத்துவது அவருடைய சங்கத்தில் மட்டும்தான். அதிகாரி திரும்பிய நேரம் பார்த்து முள்ளை உருவிச் சட்டைப்பையில் போட்டுக்கொண்டார். அதன் அடியில் ஏதோ மஞ்சளாக ஒட்டியிருந்தது. பஜ்ஜி தின்ற கையோடு குத்தியிருக்கிறான், திருட்டுப் பயல்!

பஸ் ஏறியதும் சந்தேகமும் ஏறிக்கொண்டது. சங்கத்தில் அவரை விட்டால் எடை போடுகிற ரங்கசாமி ஒருவன்தான். கட்சியிலும் அடுத்த ஆள் அவனே. இருபது வருஷமாக மச்சான், மச்சான் என்று ஒரே பீடியைப் பங்குபோட்டவன். போன மாதம் எதற்கு இரண்டு தடவை மலையிறங்கி ஒடுகத்தூர் போனான்? பல்வலி என்றானே, எந்தப் பல்? செயலாளர் பதவி காலியானால் யாருக்கு லாபம்? ஒவ்வொரு வளைவிலும் ஒரு சாட்சி ஏறி உட்கார்ந்தது.

புளி மூட்டையோடு பத்துப் பேர் நிற்கும்போதே தராசுக்கு முன்னால் போய் முள்ளை நீட்டினார்.

"இன்னாடா இது? என்மேல போட்ட மொட்டை மனுவுல குத்தியிருந்த முள்ளு! கூட இருந்தே குழி பறிச்சிட்டியே!"

ரங்கசாமி முள்ளை வாங்கிப் பார்த்தான். மூக்கருகே கொண்டுபோய் முகர்ந்தான். ஏதோ சொல்ல வாயெடுத்தவன் மூடிக்கொண்டான்.

"நீதானே?"

"அப்படியே வச்சிக்க, மச்சான்."

முள்ளைத் திருப்பிக் கொடுத்து, தோளிலிருந்த கட்சித் துண்டை மடித்துத் தராசுத் தட்டில் வைத்துவிட்டுப் போனான். "குத்தமுள்ள நெஞ்சு குறுகுறுக்குது பாருங்க!" என்று தீர்த்தகிரி ஊருக்கே கேட்கக் கத்தினார். அவனைக் கட்சியை விட்டு நீக்கி அப்போதே கடிதம் எழுதி, கீழே போகிற பஸ்ஸில் கொடுத்தனுப்பினார்.

வீட்டில் மனைவி மங்கம்மாளிடம் அத்தனையும் சொல்லி முடித்தபோது அவள் முகம் வெளுத்திருந்தது.

"ரங்கசாமி அண்ணனையா? ஊருக்கு முன்னாலயா? அய்யோ, பாவி நான்! நான்தாங்க எழுத வச்சேன்."

"நீயா?"

"போன தேர்தல்ல மண்டை ஒடைஞ்சு ஏழு தையலோட வந்தீங்களே. ஆபீசரு அதட்டுனா கட்சிய வுட்டுடுவீங்கன்னு, திருப்பத்தூர்ல மனு எழுதறவருகிட்ட சொல்லி எழுதி வாங்குனேன். வேலைக்கே உலை வைக்கும்னு எனக்கு இன்னா தெரியும்? நல்லபடியா முடியணும்னு உங்க பையில இருந்த முள்ளுக்கு மஞ்சள் தடவித்தான் குத்துனேன்."

தீர்த்தகிரி பையிலிருந்து முள்ளை எடுத்து முகர்ந்தார். மஞ்சள்தான். கெடுக்க நினைக்கிறவன் எவன் மனுவுக்கு மஞ்சள் வைப்பான்? முகர்ந்த மாத்திரத்தில் ரங்கசாமிக்கு இது மங்கம்மாள் வேலை என்று புரிந்திருக்கிறது. பத்துப் பேர் முன்னால் அவள் பெயர் வரக் கூடாதென்று வாயை மூடிக்கொண்டு பழியைச் சுமந்துபோயிருக்கிறான். தீர்த்தகிரிக்குத் தன்மேலேயே காறித் துப்ப வேண்டும் போலிருந்தது.

தராசுத் தட்டில் கிடந்த துண்டை எடுத்துக்கொண்டு ரங்கசாமி வீட்டுக்கு ஓடினார். அவன் துண்டை வாங்கவில்லை. அவர் முகத்தையே பார்த்தான்.

"தங்கச்சிய ஒண்ணும் சொல்லலியே, மச்சான்?"