பொடிசுகள் சாப்பிட வந்த வருடம்

அந்த வருடம் முதல் மாதம் இருபதாம் தேதி சாயங்காலம், கார்த்திகை நட்சத்திரக் கூட்டம் மொத்தமும் வானத்திலிருந்து இறங்கி, காங்னுங் ஊருக்கு வெளியே தல்லே என்பவள் நடத்திவந்த சோற்றுக்கடையில் சாப்பிட உட்கார்ந்தது. அன்றைக்கு அங்கே பார்லிச் சோறும் காய்ந்த மீன் சாறும். கொரிய நாட்டில் அந்தக் கூட்டத்துக்குப் பொடிசுகள் என்றுதான் பெயர். ஒவ்வொன்றும் கோழிமுட்டை அளவு இருந்தது, பேச்சில்லை, ஆனால் சாற்றை உறிஞ்சும் சத்தம் தெருமுனை வரை கேட்டது. அவற்றின் வெளிச்சத்தில் விளக்குக்கு எண்ணெய் மிச்சம் என்பதைத் தவிர தல்லே இதில் பெரிதாக எதையும் காணவில்லை. உள்ளூர் நீதிபதிக்கு மட்டும் இரண்டு சந்தேகங்கள் வந்தன. இவர்களைக் குடும்பப் பதிவேட்டில் ஏற்ற வேண்டுமா? ஏற்றினால் இடுப்பில் தொங்கவிடும் மர அடையாள வில்லை கொடுக்க வேண்டுமா? இரண்டையும் எழுதித் தலைநகருக்கு அனுப்பிவிட்டு அவர் நிம்மதியாகத் தூங்கினார்.

தலைநகர் ஹன்யாங்கில், விண்ணோக்கு அலுவலகத்தின் கல்மேடையில் அன்று மாலை முறை மா தோக்சுவுக்கு. பதினொரு வருடமாகக் கழுத்து வலியோடு மேலே பார்த்துச் சம்பளம் வாங்குகிறவன். பல் விழுந்த ஈறு மாதிரி வானத்தில் ஓரிடம் காலியாக இருப்பதை அவன்தான் முதலில் பார்த்தான். பார்த்ததை எழுதாவிட்டால் அடி, பார்க்காததை எழுதினாலும் அடி என்பது அலுவலக விதி. இரண்டில் எது அதிகம் வலிக்கும் என்று விதியில் இல்லை. ஆகவே அவன் தலைமை அதிகாரி நாம்குங் யூலிடம் ஓடினான். நாம்குங் யூல் வாசலில் நுழைவதற்கு முன்பே அவருடைய தொப்பி விளிம்பு நுழைந்துவிடும், அவ்வளவு அகலம். இருபது வருடமாக அவர் மேடைப் படி ஏறியதில்லை. வானத்தைப் பார்ப்பது கீழ்நிலை ஊழியர்களின் வேலை, அதை அறிவதுதான் தன் வேலை என்பது அவர் கொள்கை. அவர் யோசித்து, மேகமூட்டம் என்று எழுதச் சொன்னார். மறுநாளும் மேகமூட்டம். அதற்கடுத்த நாளும். ஊரார் சுள்ளென்ற வெயிலில் துணி காயப்போட்டுக்கொண்டிருக்க, அரண்மனைக்கு மட்டும் தினமும் விடியலில் மேகம் போய்ச் சேர்ந்தது.

ஆனால் இரண்டாம் மாதம் ஆறாம் தேதியை மேகத்தால் மூட முடியாது. அன்று மாலை நாடே சாப்பாட்டை முடித்துக்கொண்டு வாசலுக்கு வந்து நிலவையும் பொடிசுகளையும் பார்க்கும். நிலவு தாய், தலையில் சோற்றுக்கூடையோடு வயலுக்குப் போகிறாள். பின்னால் வருவது அவள் பிள்ளைகள். தள்ளித் தள்ளி வந்தால் வயிறு நிறைந்திருக்கிறது, விளைச்சல் உண்டு. பாவாடையைப் பிடித்துக்கொண்டு வந்தால் பசி, பஞ்சம். அன்றைக்குப் பிள்ளைகளே இல்லாமல் தாய் மட்டும் போனால் நாடு என்ன பாடுபடும் என்று நாம்குங் யூலுக்குப் புரிந்தது. தன் தொப்பி என்ன பாடுபடும் என்பது அதற்கு முன்பே புரிந்துவிட்டது. நீதிபதியின் கடிதம் வந்த அன்றே அவர் மா தோக்சுவைக் கூப்பிட்டார்.

"ஆறாம் தேதி சாயங்காலம் ஏழும் மேல இருக்கணும். இல்லேன்னா வேலையும் உனக்கில்ல, பின்பக்கத் தோலும் உனக்கில்ல."

"ஏழா, ஐயா? நான் பார்த்தப்பல்லாம் ஆறுதானே தெரிஞ்சுது."

"யோவ் மா, நட்சத்திரப் புத்தகத்துல ஏழுன்னு இருக்கு. வானத்துல எத்தனை இருந்தா நமக்கென்ன?"

அரசாங்கக் குதிரை ஒன்று கொடுத்தார்கள். தேக்வல்லியங் கணவாயில் பனி முழங்கால் வரை கிடந்ததால் பாதி வழி குதிரையை அவன்தான் இழுத்துக்கொண்டு போனான். பையில் அரசாணை ஒன்று, தூரிகை, மை, தன் சின்ன முத்திரை. கூடவே கடந்த நான்கு வருடங்களின் ஆறாம் தேதிப் பதிவுகள், அலுவலகத்தின் பெரிய முத்திரையோடு. முன்னுதாரணம் இல்லாமல் அந்த அலுவலகத்தில் யாரும் தும்மியதுகூடக் கிடையாது. இரண்டாம் தேதி மதியம் தல்லேயின் கடை வாசலில் இறங்கி, ஏழு நட்சத்திரங்களையும் ஒப்படைக்கும்படி உத்தரவு சொன்னான். தல்லே நிமிரவில்லை.

"பதிமூணு."

"புத்தகத்துல ஏழுன்னு..."

"கிண்ணம் கழுவுறவளுக்குத் தெரியாதா? பதிமூணு. நீங்களும் ஒக்காருங்க, பதினாலாக் கழுவிட்டுப் போறேன்."

அவன் உட்கார்ந்தான். சாறு நன்றாகவே இருந்தது. சாப்பிட்டபின் எழுந்து நின்று அரசாணையை உரக்கப் படித்தான். பொடிசுகள் கிம்ச்சி என்கிற முள்ளங்கி ஊறுகாயைக் கடித்துக்கொண்டே கேட்டன, பிறகு இன்னொரு தட்டு எடுத்துக்கொண்டன. மூன்றாம் தேதி மீன்வலை கொண்டு வந்தான்; வலைக்கண் வழியாக அவை வெளிச்சம் போல வெளியே வந்தன, வெளிச்சம்தானே. நான்காம் தேதி கூரைமேல் ஏணி வைத்து, ஏறிப் போகும்படி கெஞ்சினான். காய்கறி விற்கிறவர்களும் உப்பு வியாபாரிகளும் வந்து வேடிக்கை பார்த்து, ஏணியை இன்னும் கொஞ்சம் சாய்க்கச் சொல்லி யோசனை கொடுத்தார்கள். ஐந்தாம் தேதி காலையில் அவன் தன் பின்பக்கத்தை நினைத்துப் பெருமூச்சு விட்டபடி, ஏதாவது முன்னுதாரணம் அகப்படுமா என்று பழைய பதிவுகளை எடுத்து விரித்தான்.

பெரிய முத்திரை கண்ணில் பட்டதும் பதின்மூன்றும் கரண்டியைக் கீழே வைத்தன. சத்தம் போடாமல் எழுந்து, சோற்றுக்கூடையோடு நின்ற தல்லேயிடமிருந்து நான்கு முழம் தள்ளிப் போய் வரிசையாக நின்றுகொண்டன. சாற்றுப் பானையையே பார்த்தன, கிட்டே வரவில்லை. மா தோக்சு தாளைப் பார்த்தான். 'நிலவுக்கும் கூட்டத்துக்கும் இடைவெளி நான்கு முழம். வயிறு நிறைவு. அமோக விளைச்சல்.' நான்கு வருடமும் அதே வாசகம், அதே கையெழுத்து, அவனுடையதுதான். அரண்மனைக்குக் கெட்ட செய்தி பிடிக்காது என்று நாம்குங் யூல் சொல்லச் சொல்ல எழுதியது. அமோக விளைச்சல் என்று எழுதியதால் நெல்வரியும் அமோகமாகவே வசூலானது.

தல்லேக்கு எழுத்துத் தெரியாது. என்ன எழுதியிருக்கிறது என்று கேட்டாள், அவன் படித்துக் காட்டினான்.

"இந்தப் பக்கம் நாலு வருஷமா நாங்க கஞ்சியில தண்ணிய ஊத்தி ஊத்திக் குடிக்கிறோம். நீங்க வயிறு ரொம்பியிருக்குன்னு எழுதிட்டீங்க. பாவம், இதுங்க எழுதுன எடத்துலயே நின்னிருக்குங்க. பெத்தவ சோத்தத் தூக்கிட்டு முன்னால போறா, கிட்டப் போய்க் கேக்க முடியாமத்தான் இங்க சாப்பிட வந்துருக்குங்க."

அவன் அந்தத் தாளின் பின்பக்கத்தில், சோதித்துப் பார்ப்பதற்காக, இடைவெளி ஒரு சாண் என்று எழுதித் தன் சின்ன முத்திரையைக் குத்தினான். பதின்மூன்றும் ஓடிவந்து தல்லேயின் பாவாடையைப் பிடித்துக்கொண்டன. நட்சத்திரங்கள் முத்திரையைத்தான் பார்க்கின்றன, பதவியைப் பார்ப்பதில்லை என்பது அப்போதுதான் தெரியவந்தது.

வழி கிடைத்துவிட்டது, அந்த வழியின் முடிவில் பிரம்பு நின்றது. பஞ்சம் என்று எழுதினால் பழைய நான்கு பதிவும் பொய்யென்று ஆகும். இன்னொரு தரம் நான்கு முழம் என்று எழுதிப்போட்டால் இவை எழுந்து போய் மேலே தள்ளி நின்றுகொள்ளும், நாம்குங் யூல் சந்தோஷப்படுவார், அவன் தோல் தப்பும். அன்று முழுக்க அவன் மையை அரைத்துக்கொண்டே இருந்தான். ஊருக்கே போதுமான மை சேர்ந்துவிட்டது. ஆறாம் தேதி மதியம் ஒரு பொடிசு வந்து அவன் கிண்ணத்தில் மிச்சமிருந்த சாற்றை, அனுமதி கேட்கிற மாதிரி அவனைப் பார்த்துவிட்டு, நக்கிக் குடித்தது. அவன் தூரிகையை எடுத்தான். 'கூட்டம் தாயை ஒட்டி நிற்கிறது. பசி. பஞ்சம். நான்கு வருடமாகவே. எண்ணிக்கை பதின்மூன்று.' முத்திரை குத்தினான்.

பொழுது சாய்ந்ததும் அவை புகைபோக்கி வழியாக ஒவ்வொன்றாக மேலே போயின. கடைசியாகப் போனது கொஞ்சம் குண்டாகிவிட்டிருந்ததால் தல்லே துடைப்பத்தால் தள்ளிவிட வேண்டியிருந்தது. அன்று நாடு முழுக்க வாசலில் நின்றவர்கள், பொடிசுகள் நிலவின் பாவாடையைப் பிடித்துக்கொண்டு கூடைக்குள் கைவிடுவதைப் பார்த்தார்கள். அதை மேகமூட்டம் என்று சொல்ல யாராலும் முடியவில்லை.

அந்த வருடம் நெல்வரி தள்ளுபடியானது. நாம்குங் யூல், தான் நெடுநாளாகவே இதைச் சந்தேகித்துவந்ததாக நீண்ட விண்ணப்பம் எழுதி, முன்னிலும் அகலமான தொப்பி ஒன்றைப் பரிசாகப் பெற்றார். அதன்பின் அவரால் எந்த வாசலிலும் நேராக நுழைய முடியாமல் நண்டு மாதிரிப் பக்கவாட்டில் போய்வந்தார். பதிவைத் திருத்திய குற்றத்துக்கு மா தோக்சுவுக்கு முப்பது அடி விதித்தார்கள். அடிக்க வந்தவன் காங்னுங் பக்கத்து விவசாயி மகன். கீழே விரித்த பாயைத்தான் அடித்தான், மா தோக்சு நாகரிகமாகக் கத்திக்கொடுத்தான். பிறகு அவனைத் தண்டனையாகக் காங்னுங்குக்கே மாற்றினார்கள். விதைநெல் வரியாகப் போகாமல் வீட்டிலேயே தங்கிவிட்டதால் அந்த வருடம் விளைச்சல் அமோகம். பஞ்சம் என்ற கணிப்பு முழுத்தப்பு. யாரும் புகார் செய்யவில்லை.

புத்தகத்தில் இன்றைக்கும் ஏழுதான். ஆனால் காங்னுங்கில் இரண்டாம் மாதம் ஆறாம் தேதி உண்மையாகவே வானம் மூடிக்கொண்டால், ஊரார் அண்ணாந்து பார்ப்பதில்லை. நேராகத் தல்லேயின் கடைக்குப் போய், அன்றைக்கு அங்கே இறங்கிவந்திருக்கும் பதின்மூன்றும் எத்தனை தட்டு சாப்பிடுகின்றன என்று பார்த்துவிட்டு, மா தோக்சு கிண்ணம் துடைத்து அடுக்குவதற்குக் கொஞ்சம் கைகொடுத்து, அந்த வருடம் என்ன விதைக்கலாம் என்று பேசிக்கொண்டே வீடு திரும்புவார்கள்.