பன்னிரண்டு ஜாக்கெட்டுகள்

1

காலை ஆறு மணிக்கு எழுகிறான். காபி. வெண்ணெய் தடவிய ரொட்டி. சட்டையைத் தேய்க்கிறான். கதவைத் திறக்கும் முன் ஜன்னல் வழியாகத் தெருவைப் பார்க்கிறான். பஸ் நிறுத்தத்தில் யாராவது முதுகில் எண் போட்ட ஜாக்கெட்டோடு நின்றால், அவர் ஏறிப் போகும்வரை வெளியே வருவதில்லை. அந்த ஜாக்கெட்டைச் செய்து விற்பவன் அவன்தான்.

(இந்த 'அவன்' நான், லின்வுட். எங்கள் 'லின்ரோ' ஜாக்கெட்டை இனி நாடு முழுக்க விற்கப்போகும் கம்பெனி, காலரில் தொங்கும் அட்டைக்கு அதன் வரலாற்றை எழுதித் தரச் சொன்னது. 'நான்' என்று வரக்கூடாதாம். எனக்கும் அது வசதி.)

2

தொடக்கம்: '1992இல் நியூயார்க்கின் குயீன்ஸில், லின்வுட்டும் அவன் மனைவி ரொஷெலும் சமையலறை மேசையில்...'

வேண்டாம். எல்லாக் கம்பெனியும் சமையலறை மேசையில்தான் பிறக்கிறது.

இன்னொன்று: 'ரொஷெல் வெட்டினாள், தைத்தாள். மொத்தம் பன்னிரண்டு. முதுகில் பெரிதாக எண் போடும் யோசனை லின்வுட்டுடையது. கொஞ்சமாக இருந்தால்தான் ஊரே கேட்கும் என்றான்.'*

* ரொஷெல் நூறு தைக்கலாம் என்றாள். நூறு பேர் போட்டிருந்தால் எவனும் ஒருத்தரைக் குறிவைக்க மாட்டான் என்றாள். அட்டையில் இதற்கு இடமில்லை.

3

முடிவெட்டும் கடை. சனிக்கிழமை. நண்பன் மார்வின் மூச்சிரைக்க உள்ளே வந்தான்.

"டேய் லின்! நாலாம் நம்பர் போச்சுடா. டாரில் நெத்தில துப்பாக்கிய வச்சுப் பிடுங்கிட்டாங்க."

"டாரில்?"

"இருக்கான். பனியனோட நடுங்கிட்டு நிக்கிறான். இன்னொண்ணு கிடைக்குமான்னு கேக்குறான்!"

"ஷூவ?"

"விட்டுட்டாங்கடா! புது ஷூ! அத விட்டுட்டு உன் ஜாக்கெட்ட எடுத்திருக்காங்க!"

கடையே எழுந்து கை தட்டியது. எங்கள் பக்கத்தில் துப்பாக்கி காட்டிப் பறிக்கப்படாத உடுப்பு ஓடாது. லின்வுட் இரண்டு கைகளையும் மேலே தூக்கினான். பாதி வெட்டிய தலையோடு ஆடினான்.

வீட்டில் சொன்னபோது ரொஷெல் ஊசியைக் கீழே வைத்தாள்.

"இதையே டாரிலோட அம்மா முன்னாடி ஆடிக் காட்டு, போ."

4

மூன்று வாரம் கழித்து, ஒரு செவ்வாய்க்கிழமை. மன்ஹாட்டன் கடை ஒன்று ஜாக்கெட்டைப் பார்க்க வரச் சொன்னது. ரொஷெல் ஒன்றாம் எண்ணை மடித்துப் பையில் வைத்தாள்.

'லின்வுட் அப்போது...'

'ரொஷெல் தானாகவே அதை...'

இந்த இரண்டாவது வாக்கியத்தை நான்கு முறை எழுதி நான்கு முறை அடித்திருக்கிறேன். நடந்தது இது.

"பைக்குள்ள இருந்தா அது வெறும் துணி ரோ. போட்டுட்டுப் போனாத்தான் ஜாக்கெட்."

"ரயில்ல போறேன் லின். டாரிலுக்கு நடந்தது எனக்கு நடக்காதா?"

"காலை பதினோரு மணிக்கா? அதுவும் பொம்பளைகிட்டயா?"

"எழுதிக் குடுத்திருக்காங்களா?"

ஆனாலும் பையைத் திறந்தாள்.

5

முடிவு ஒன்று: பழைய கோட்டில் போகிறாள். மாலையில் கால் வலிக்கிறது என்று திரும்பி வருகிறாள்.

முடிவு இரண்டு: ரயில் நிலையப் படிக்கட்டில் ஜாக்கெட்டைக் கேட்டவனிடம் உடனே கழற்றிக் கொடுக்கிறாள்.

போலீஸ் சொன்னது: ரயில் நிலையப் படிக்கட்டு. ஒரே குண்டு. ஜாக்கெட் இல்லை. கொடுத்தாளா, மறுத்தாளா, பார்த்தவர் யாரும் இல்லை.

கம்பெனிக்குப் பிடித்த முடிவு: பத்திரிகையில் அவள் படம், முன்பு ஜாக்கெட்டோடு எடுத்தது. அடுத்த நாள் முதல் தொலைபேசி ஓயவில்லை. எல்லோரும் ஒன்றாம் எண் கேட்டார்கள். நான் தைத்துக் கொடுத்தேன். 'லின்ரோ'வின் வரலாறு அங்கேதான் தொடங்குகிறது.

இந்த மாதம் ஆறாயிரம் ஜாக்கெட் கடைகளுக்குப் போகிறது. யாரோ இந்த அட்டையைப் படித்துவிட்டு, ஜாக்கெட்டை மாட்டிக்கொண்டு தெருவில் இறங்குவார். முகம் தெரியாத அவரை நினைத்தால் பேனா நகரவில்லை. அட்டைக்கு எந்த முடிவு என்பதை நீங்களே சொல்லுங்கள். என்னிடம் இருப்பது, வாசலில் எனக்கு முதுகைக் காட்டி நின்று அவள் கடைசியாகச் சொன்னது மட்டும்.

"ஜாக்கெட் உள்துணி தடுக்குது, கை உள்ள போக மாட்டேங்குது. கொஞ்சம் பிடியேன் லின்."