ஐந்து மணிக்குள் ஓர் ஆட்சேபணை

என் வீட்டுக்காரர் பல்கலைக்கழகத்தில் பன்னாட்டுச் சட்டம் நடத்துகிறார். இருபத்திரண்டு வருடமாக ஒரே விஷயத்தைத்தான் ஆராய்ந்துகொண்டிருக்கிறார். ஒரு நாட்டின் எல்லைக்குள் இன்னொரு நாடு புகுந்து கொட்டகை போடும்போது, இடத்துக்குச் சொந்தக்கார நாடு கண்டும் காணாமல் இருந்துவிட்டால் என்ன ஆகும்? என்ன ஆகும், இடம் போய்விடும். எனக்கு இதைச் சொல்ல ஒரு வரி போதும். அவருக்கு முந்நூற்று நாற்பது பக்கமும் அறுநூறு அடிக்குறிப்பும் தேவைப்பட்டன. உரிய காலத்தில் எதிர்ப்புத் தெரிவிக்காத நாடு ஒப்புக்கொண்டதாகவே ஆகிவிடும் என்பதுதான் அந்தப் புத்தகத்தின் சாரம். மாணவர்கள் அவருக்கு வைத்திருக்கும் பெயர் 'ஆட்சேபணை சார்'. மனிதர் வாழ்நாளில் ஓர் ஆட்சேபணைகூடச் செய்ததில்லை என்பது பாவம், அந்தப் பிள்ளைகளுக்குத் தெரியாது.

நான் ஒரு கண்ணாடிக் கடையில் வேலை பார்க்கிறேன். வருகிறவர்களை உட்காரவைத்து எழுத்துப் பலகையைப் படிக்கச் சொல்வது, பவர் பார்ப்பது, லென்ஸ் பொருத்துவது எல்லாம் நான்தான். பட்டம் இல்லாததால் சீட்டில் கையெழுத்து மட்டும் போடக் கூடாது. அதற்கு மாலையில் டாக்டர் வருவார்.

என் வீட்டுக்காரருடைய அறை பறிபோன கதையைச் சொன்னால் சிரிப்பீர்கள். துறைத் தலைவர் முதலில், ரெண்டே நாளைக்கு என்று சொல்லி ஒரு பீரோவை அங்கே கொண்டுவந்து வைத்தார். இவர் தலையாட்டினார். பிறகு ஜன்னலோரம் வேறொருவருக்கு மேசை வந்தது. இவர் நகர்ந்து உட்கார்ந்தார். ஒருநாள் போய்ப் பார்த்தால் இவருடைய பெயர்ப்பலகை மாடிப்படிக்குக் கீழே, ஜெராக்ஸ் மெஷினுக்குப் பக்கத்தில் தொங்குகிறது. எனக்கு வந்ததே கோபம். வாயில் பூட்டா போட்டிருக்கிறது என்று கேட்டேன். எந்த நாடும் கடலில் கிடக்கிற ஒவ்வொரு பாறைக்கும் சண்டை போடுவதில்லை என்று எனக்கே பாடம் நடத்தினார்.

ஆனால் 'எல்லைத் தகராறுகள்' வகுப்பு பாறை இல்லை. பதினெட்டு வருடமாக அவர் ஒவ்வொரு வரைபடமாகத் தேடிச் சேர்த்து உருவாக்கிய பாடம் அது. மாணவர்கள் இரண்டு நாடுகளாகப் பிரிந்து வாதாடுவார்கள், இவர் மர ஸ்கேலால் மேசையைத் தட்டித் தீர்ப்புச் சொல்வார். ஒருமுறை கடைசி பெஞ்சில் உட்கார்ந்து பார்த்தேன். அழுகல் தக்காளியைத் திருப்பிக் கொடுக்கப் போய், கடைக்காரரிடம் மன்னிப்புக் கேட்டுவிட்டு வருகிற மனிதரா இவர் என்று வாயைப் பிளந்துவிட்டேன். அந்த வகுப்பை எடுத்துவிட்டால் அவரிடம் மிச்சம் ஒன்றும் இருக்காது. இது எனக்குத் தெரியும்.

போன வெள்ளிக்கிழமை எனக்கு விடுமுறை. மதியம் அவருடைய மேசையைத் துடைத்துக்கொண்டிருந்தேன். புத்தகத்தின் இரண்டாம் பதிப்புக்கான அச்சுப் படிக்குள் அடையாளத்துக்கு ஒரு தாள் செருகியிருந்தது. அவர் கையில் கிடைத்ததை எல்லாம் அடையாளத்துக்கு வைப்பார், என் எக்ஸ்ரேயைக்கூட ஒருமுறை வைத்திருந்தார். எடுத்துப் பார்த்தால் துறையின் சுற்றறிக்கை. வரும் ஆண்டு முதல் 'எல்லைத் தகராறுகள்' பாடத்தைத் துறைத் தலைவரே நடத்துவார், ஆட்சேபணை உள்ளவர்கள் வெள்ளிக்கிழமை மாலை ஐந்து மணிக்குள் எழுத்தில் தரவும், பதில் தராவிட்டால் சம்மதித்ததாகக் கருதப்படும். அதன் ஓரத்தில் என் வீட்டுக்காரர் பென்சிலால் அழகாக எழுதியிருந்தார்: 'நல்ல உதாரணம். நான்காம் அத்தியாயத்தில் சேர்க்கலாம்.'

தலையில் அடித்துக்கொண்டேன். மணி மூன்று பத்து. போனை அணைத்து வைத்திருந்தார், நூலகத்தில் இருக்கிறார் என்று அர்த்தம். கட்டியிருந்த பழைய புடவையோடு கைப்பையைத் தூக்கிக்கொண்டு பஸ் ஏறினேன்.

நூலகத்தின் அடித்தளத்தில், வரைபட அலமாரிகளுக்கு நடுவே உட்கார்ந்திருந்தார். தாளை முன்னால் வைத்தேன். அவர் முகம் மலர்ந்தது.

"நல்ல உதாரணம்ல?"

"உதாரணமே நீங்கதான். இன்னிக்கு என்ன கிழமை?"

மலர்ந்த முகம் அப்படியே வாடிப்போனது. கண்ணாடியைக் கழற்றிவிட்டு, "என் வகுப்பு" என்றார். வழியெல்லாம் சேர்த்து வைத்திருந்த கோபம் எனக்கு அதோடு போயிற்று.

உடனே எழுதத் தொடங்கினார். முதல் பத்தியில் ஆட்சேபணை என்றால் என்ன என்பதற்கு விளக்கம். இரண்டாவது பத்தியில், பாடத்தை மாற்றத் தலைவருக்கு அதிகாரம் உண்டா என்ற ஆராய்ச்சி. மூன்றாவதுக்கு ஏதோ பழைய தீர்ப்பு வேண்டும் என்று அலமாரிப் பக்கம் எழுந்தபோது மணி நாலரை தாண்டியிருந்தது. கையைப் பிடித்து உட்காரவைத்தேன். பையிலிருந்து கடையில் லென்ஸ் ஆர்டர் எழுதும் சீட்டுக்கட்டை எடுத்து நானே எழுதினேன்: 'இந்த மாற்றத்தை நான் ஏற்கவில்லை. பதினெட்டு வருடமாக இந்தப் பாடத்தை நடத்துவது நான். இனிமேலும் நானே நடத்துவேன்.'

காரணம் வேண்டாமா என்றார். இரண்டாவது வரிதான் காரணம் என்றேன். ஓர் அடிக்குறிப்பாவது போடலாமே என்றார். நான் பார்த்த பார்வையில் கையெழுத்துப் போட்டுவிட்டார்.

அலுவலகத்தில் தபால் வாங்குகிற அம்மா மேசை டிராயரைப் பூட்டிக்கொண்டிருந்தார். மணி நான்கு ஐம்பத்து நான்கு. வலது கண், இடது கண் என்று அச்சடித்த சீட்டைத் திருப்பித் திருப்பிப் பார்த்தார், பிறகு முத்திரை குத்தி நேரம் எழுதினார். அந்த நேரம் பார்த்துத் தலைவர் பையோடு வெளியே வந்தார். சீட்டை வாங்கி நின்றபடியே படித்தார்.

"நீங்க ஒண்ணும் சொல்ல மாட்டீங்கன்னு நெனச்சேன்" என்றார். அவர் குரலில் கெட்ட எண்ணம் இல்லை, நிஜமான ஆச்சரியம்தான்.

என் வீட்டுக்காரர் ஓர் அடி முன்னால் வந்தார். "இல்ல சார். அது என் வகுப்பு. தர முடியாது."

சரி, அப்படியானால் பழையபடியே இருக்கட்டும் என்று சொல்லிவிட்டுத் தலைவர் படியிறங்கிப் போனார். அவ்வளவுதான். இத்தனை வருடப் பயம் அரை நிமிடத்துக்குத்தான் தாங்கியது.

திரும்பி வரும்போது பஸ்ஸில் ஜன்னலோர இடத்தை எனக்குக் கொடுத்தார். முதல் நாலு நிறுத்தம் வரைக்கும், பரிசு வாங்கிய பையன் மாதிரி பேசிக்கொண்டே வந்தார். அறையைக்கூடத் திரும்பக் கேட்கப்போகிறாராம். கேளுங்கள், ஆனால் முந்நூறு பக்கத்தில் கேட்காதீர்கள் என்றேன். சிரித்தார்.

"ஒண்ணு கேக்கவா?" என்றார் கொஞ்ச நேரம் கழித்து. "நான் ஆராய்ச்சிக்கு மூணு வருஷம் வெளிநாடு போனேனே, அப்ப உனக்கும் கண் பரிசோதனைப் படிப்புக்கு சீட் வந்திருந்துச்சு. நான் போகட்டுமான்னு உன்கிட்ட கேட்டேன். நீ ஒண்ணும் சொல்லல. சரின்னு எடுத்துக்கிட்டேன். நீ படிப்ப விட்டுட்டு வீட்டைப் பாத்துக்கிட்ட."

எதற்கும் பட்டென்று பதில் சொல்கிறவள் நான். அப்போது மட்டும் கைப்பை ஜிப்பைத் திறந்து மூடினேன். வெளியே பார்த்துக்கொண்டே, "கடைசித் தேதி எதுவும் நீங்க சொல்லலையே" என்றேன், கேலியாகத்தான்.

அவர் அதைக் கேலியாக எடுத்துக்கொள்ளவில்லை. நெற்றியைச் சுருக்கி யோசித்தார். என் பையைத் திறந்து லென்ஸ் சீட்டுக்கட்டை எடுத்து, புதுத்தாளைப் புரட்டி, தன் பேனாவோடு என் மடியில் வைத்தார்.

"தேதி போடலைன்னா காலம் முடியல. எழுது."

எங்கள் நிறுத்தம் வந்து போனது. இரண்டு பேரும் எழுந்திருக்கவில்லை. பஸ் குலுங்கியதில் எழுத்து கோணல்மாணலாக விழுந்தது. 'எனக்கு அந்தப் படிப்பு வேண்டும். இப்போதும் வேண்டும்' என்று எழுதி, கீழே கையெழுத்துப் போட்டுக் கொடுத்தேன்.

அவர் இரண்டு முறை படித்தார். அடிக்குறிப்பு எதுவும் கேட்கவில்லை.