போலீஸில் தங்கிவிட்ட நிழல்

ஆயிரத்துத் தொளாயிரத்து ஐம்பத்து நாலில், மூன்றாவது விசாரணை முடிந்த அன்று, அம்மாக்கண்ணுவின் நிழல் அவளோடு வீடு திரும்பவில்லை. டவுன் போலீஸ் நிலையத்து வாங்குப் பலகையிலேயே உட்கார்ந்துவிட்டது. டயகமப் பக்கத்து ஊசிக்கல் தேயிலைத் தோட்டத்தில் அந்த வருஷம் மழை அதிகம், கொழுந்தும் அதிகம். வெயில் அடித்த பிறகுதான் பக்கத்து நிரையில் கொழுந்தெடுத்த மீனம்மா கவனித்தாள்.

“அடியே, ஒன் நெழல எங்கடி விட்ட?”

“வாங்குல இருந்துச்சு. வான்னு கூப்புட்டேன். சார்ஜன் மொறைச்சாரு, வரல” என்றாள் அம்மாக்கண்ணு.

எல்லாம் மொட்டைப் பெட்டிசத்தால் வந்த வினை. அம்மாக்கண்ணு கள்ளத்தோணி, கடல் தாண்டி வந்து ஒளிந்திருக்கிறாள் என்று யாரோ எழுதிப் போட்டார்கள். எழுதியவருக்குப் பேரும் இல்லை, ஊரும் இல்லை. அவள் பிறந்ததோ இதே தோட்டத்து லயத்து வீட்டு வரிசையில், நாலாவது காம்பராவில். அதைச் சொன்னால் எழுதிக்கொள்வார்கள். அடுத்த பெட்டிசம் வந்ததும் மறுபடி கூப்பிட்டு அதையே கேட்பார்கள். எழுதியது யார் என்று அவள் கேட்டால், கேள்வி கேட்பது எங்கள் வேலை என்பார்கள். செவிடன் காதில் ஊதின சங்காவது ஊதினவனுக்குக் கேட்கும். இங்கே அதுவும் இல்லை. இதற்குள் அவள் போட்டிருந்த பிரஜாவுரிமை விண்ணப்பமும் சிக்கிக்கொண்டது. பாதி ஆள் போலீஸில் இருக்கும்போது தோட்டத்தில் நிரந்தரமாகக் குடியிருக்கிறாள் என்று எப்படி எழுதுவது என்று கேட்டு, விசாரித்த அதிகாரி பேனாவை மூடிவிட்டார். பிரஜாவுரிமை கிடைக்காவிட்டால் என்றாவது ஒருநாள், தாத்தன் பிறந்த, அவள் பார்த்தே இராத ஊருக்கு அவளைக் கப்பலேற்றிவிடுவார்கள்.

தோட்டத்து ஆட்களுக்கு வழக்காடும் சூசைரட்ணம் புரொக்டர் அவளுக்காகக் கோர்ட்டு ஏறினார். கையெழுத்தில்லாத கடுதாசியை வைத்து ஒருவரை நிலையத்துக்கு இழுக்கக் கூடாது, புகார்காரர் நேரில் வராவிட்டால் நிழலை விட்டுவிட வேண்டும் என்று நீதவான் தீர்ப்புச் சொன்னார். தோட்டமே பொங்கல் வைத்தது.

மறுநாள் விடியற்காலை சார்ஜன், வேலைக்கு ஆட்கள் கூடும் பெரட்டுக்களத்துக்கு வந்து நின்றார். அங்கே கணக்கப்பிள்ளை பேர் கூப்பிடும்போது, பிந்தி வருகிறவருக்காகப் பக்கத்தில் நிற்பவர் குரல் கொடுப்பது வழக்கம். இல்லாவிட்டால் அன்றைய பேர் வெட்டுப்படும், சம்பளமும் போகும். அம்மாக்கண்ணு இதில் முந்திக்கொள்கிறவள். யார், எவர் என்று யோசிக்கமாட்டாள்; பதில் வராவிட்டால் அவள் வாய் தானே திறந்துகொள்ளும். கடைசிப் பேராக, “பெட்டிசக்காரர்” என்று கணக்கப்பிள்ளையைக் கூப்பிட வைத்தார் சார்ஜன். களத்தில் சத்தமில்லை.

“இருக்கேங்க!” என்றாள் அம்மாக்கண்ணு.

புகார்காரர் நேரில் ஆஜர், நிழலை விட வேண்டியதில்லை என்று எழுதிக்கொண்டு சார்ஜன் போய்விட்டார். சட்டப்படி இதில் ஒரு பழுதும் இல்லை என்று சொல்லிவிட்டு, புரொக்டர் தலையில் அடித்துக்கொண்டார்.

அறுபத்திரண்டில் பிரஜாவுரிமை அதிகாரி கடைசிச் சுற்று வந்தார். நிழல் இந்த மண்ணைவிட்டு ஒருநாளும் நகராமல், போலீஸ் சாட்சியோடு, ஒரே இடத்தில் குடியிருப்பதைக் கண்டு அதற்குப் பிரஜாவுரிமை வழங்கினார். அம்மாக்கண்ணுவின் விண்ணப்பத்தைத் தள்ளினார்.

அறுபத்தைந்து தேர்தலில் நிழல் வாங்கைவிட்டு எழுந்து ஓட்டுப்போட வந்தது. அம்மாக்கண்ணு பள்ளிக்கூட கேட்டுக்கு வெளியே காத்து நின்றாள். அது திரும்பி வந்ததும், “நமக்காகப் பாத்துப் போட்டியா?” என்று மட்டும் கேட்டாள். நிழல் தலையாட்டிவிட்டு நிலையத்துக்கு நடந்தது. அவள் கொழுந்தெடுக்க மலைக்குத் திரும்பினாள். பிரஜை அல்லாதவளுக்கு அன்று லீவு இல்லை.